காணத் தக்கது காணப்படாமை

ஜூன் 12, புதன்

ரத்த அழுத்தத்தை அவ்வப்போது குறித்து வைக்கச் சொல்லி மருத்துவர் இந்த நோட்டை வாங்க வைத்தார். காலையில் 150/90. அதை எழுதிய பிறகும் பக்கம் ஏறக்குறைய முழுவதும் வெறுமையாக இருந்தது. கல்லூரியில் தருக்கம் நடத்தியே ஓய்வு பெற்றவளுக்கு வெற்றிடத்தைக் கண்டால் கை சும்மா இருக்காது.

இன்று கேஸ் சிலிண்டர் வந்தது. கலைச்சொற் களஞ்சியத்தின் பதிப்பாசிரியர் இளம்பரிதி தொலைபேசினார். துணைத்தொகுதி ஒன்று வரப் போகிறதாம். அதில் 'அனுபலப்தி' என்ற தருக்கச் சொல்லின் பொருளையும் தோற்றத்தையும் நான் எழுத வேண்டும். "எளிமையா இருக்கணும் மேடம், யார் படிச்சாலும் புரியணும்" என்றார். யாரும் படிக்கப் போவதில்லை என்பது இருவருக்கும் தெரியும் என்பதால் உடனே ஒப்புக்கொண்டேன்.

மாலையில் பகவதி வேலை முடிந்து வந்ததும் செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நின்றாள். "அத்தே, வக்கீலு அடுத்த புதன்கிழம வரச் சொல்லியிருக்காவ. நீங்களும் வரணுமாம்."

பகவதி என் மருமகள். ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை பார்க்கிறாள். என் மகன் தாணுமூர்த்தியின் மனைவி. தாணு ஏழு வருடங்களாக வெளியூரில் இருக்கிறான்.

இந்த அறிமுகமெல்லாம் யாருக்கு என்று தெரியவில்லை. மருத்துவர் படிக்கலாம்.

ஜூன் 14, வெள்ளி

சொல்லின் பிறப்பு: 'லப்' என்றால் பெறுதல். 'உபலப்தி' என்றால் கிட்டப் போய்ப் பெறுதல், அதாவது அறிதல். முன்னால் 'அன்' சேர்த்தால் அறியப்படாமை. கடைத்தெருவில் புழங்கும் 'லாபம்' இதே வேரில் பிறந்த அண்ணன். அண்ணன் தொழில் செய்து முன்னேறிவிட்டான், தம்பி தத்துவத்துக்குப் போய்க் கெட்டான்.

பொருள்: தரையைப் பார்க்கிறோம். அங்கே குடம் காணவில்லை. ஆகவே குடம் இல்லை என்று அறிகிறோம். இந்த 'இல்லை'யை எது பார்த்தது? கண் பார்த்தது தரையை மட்டும்தானே? மீமாம்சகரில் ஒரு சாரார், காணாமையே ஒரு தனி அளவை, அதாவது அறிவதற்கு ஒரு தனி வழி என்றார்கள். நியாய நூலார், இல்லாமையையும் கண்ணே காணும் என்றார்கள். பௌத்தர்கள், இது அனுமானத்தில் ஒரு வகை என்றார்கள். ஒரு குடம் காணாமல் போனதற்குப் பல நூற்றாண்டுச் சண்டை. பழைய தமிழ் அளவை நூல்கள் இதை 'அபாவம்' என்று பட்டியலில் சேர்த்துக்கொண்டு, சண்டையை வடக்கேயே விட்டுவிட்டன. விவரமானவர்கள்.

ஆவுடையப்பன் எட்டிப் பார்த்தார். என் கணவர். மின்வாரியத்தில் இருந்து ஓய்வு பெற்றவர்.

"என்னளா எழுதுத?"

"கொடத்தப் பத்தி."

"நம்ம கொடமா?"

"இல்ல. பொதுவா."

"வேணும்னா சொல்லு. டவுனுக்குப் போறேன், ஒண்ணு வாங்கிட்டு வந்துருதேன்" என்று சொல்லிவிட்டுப் பேப்பரை எடுத்துக்கொண்டு போனார். எந்தப் பிரச்சினைக்கும் அவரிடம் ஒரு கடை இருக்கும்.

ஜூன் 16, ஞாயிறு

சுடலைமுத்து என்பவர் வீட்டுக்கு வந்தார். பகவதியின் பரிசோதனை நிலையத்தில் எக்ஸ்ரே எடுப்பவர். படுக்கையில் கிடந்த தகப்பனாரைப் பார்த்துக்கொண்டதில் கல்யாண வயது தாண்டிவிட்டது. போன வருடம் தகப்பனார் போய்விட்டார். பகவதியைக் கட்டிக்கொள்ள விரும்புகிறார். அதைச் சொல்ல வந்தவர் ஒரு பை நிறையக் கொய்யாப்பழத்தோடு வந்து, பழத்தைப் பற்றி மட்டும் பேசிவிட்டுப் போனார்.

அவரிடம் ஒரு குறை கண்டுபிடித்துவிடலாம் என்று முழு நேரமும் முயன்றேன். குனிந்து நடக்கிறார். எக்ஸ்ரே எடுப்பவர்கள் அப்படித்தான் இருப்பார்களோ என்னவோ. செப்டம்பர் நடுவில் கோயம்புத்தூரில் பெரிய மருத்துவமனையில் வேலைக்குச் சேர வேண்டுமாம். அதற்குள் முடிந்தால் நல்லது என்று கொய்யாவைப் பார்த்துச் சொன்னார்.

பழம் இனிப்பாக இருந்தது. அதிலும் குறை சொல்ல முடியவில்லை.

ஜூன் 19, புதன்

வழக்கறிஞர் மைதீனின் அறை. மின்விசிறி சுற்றும்போது காகிதங்கள் பறக்கின்றன, நின்றால் மனிதர்கள் வேர்க்கிறார்கள். காகிதங்களின் நலன் கருதி நிறுத்தி வைத்திருந்தார்.

"ரெண்டு வழி இருக்கு மேடம்" என்றார். "ஒண்ணு, புருசன் கைவிட்டுட்டுப் போயிட்டாருன்னு போடலாம். அது லேசான வழி. வண்டிய ஜங்ஷன் ஸ்டாண்டுல விட்டுட்டு, பையத் தூக்கிட்டு ரயிலேறுனதப் பாத்த ஆளே இருக்கு."

"அப்படி எழுதாண்டாம் சார்" என்றாள் பகவதி.

"ஏன்மா? நடந்தது அதான?"

"ஓடிப் போயிட்டாவன்னு எழுதுனா அது அத்தைக்கும் மாமாவுக்கும் ஊருக்குள்ள ஒரு பேராப் போயிரும்லா. நாளைக்கு நான் போயிருவேன். இவிய இங்கதான இருக்கணும்."

மைதீன் என்னைப் பார்த்தார். நான் பறக்காத காகிதங்களைப் பார்த்தேன்.

"அப்ப ரெண்டாவது வழி" என்று சட்டப் புத்தகத்தைப் புரட்டி, தமிழ்ப்படுத்திச் சொன்னார். ஒருவர் உயிரோடு இருந்தால் அவரைப் பற்றி இயல்பாகக் கேள்விப்பட்டிருக்கக் கூடியவர்கள், ஏழு வருடம் அவரைப் பற்றி எதுவுமே கேள்விப்படவில்லை என்றால், அவர் இறந்துவிட்டதாகக் கொள்ளலாம். அந்தக் காரணத்தால் திருமணத்தை ரத்து செய்யலாம்.

இன்னொரு முறை சொல்லச் சொன்னேன். சொன்னார்.

"'இயல்பாக' யார் கேள்விப்பட்டிருப்பார்கள் என்பதை யார் முடிவு செய்வது?"

"நீங்கதான் மேடம். பெத்த தாயி. அதவிட இயல்பா ஒருத்தர் உண்டா? கூண்டுல ஏறி, 'அவன் இருந்தா எங்கிட்டச் சொல்லியிருப்பான்'னு ஒரு வார்த்த. முடிஞ்சுது."

ஆக, எங்கள் நல்ல பெயரைக் காப்பாற்ற மருமகள் என் மகனைச் சாகடிக்க ஒப்புக்கொண்டாள். எங்கள் குடும்பத்தில் இவ்வளவு மரியாதையான முடிவை இதுவரை யாரும் எடுத்ததில்லை.

ஜூன் 24, திங்கள்

களஞ்சியக் குறிப்பில் இன்று முக்கியமான பகுதி. காணாமை மட்டும் போதாது. இருந்திருந்தால் கண்டிருப்போம் என்ற தகுதி அந்தப் பொருளுக்கு இருக்க வேண்டும். குடத்துக்கு அது உண்டு. தூணில் பேய் தெரியவில்லை என்பதால் பேய் இல்லை என்று சொல்ல முடியாது, ஏனென்றால் இருந்தாலும் அது தெரியாது. 'காணத் தக்கது காணப்படாமை' என்று தமிழில் எழுதினேன். நன்றாக விழுந்த தொடர். சட்டம் 'இயல்பாக' என்ற ஒற்றைச் சொல்லில் வைத்திருப்பதும் இதைத்தான். சட்டம் எழுதியவர்கள் தருக்கம் படித்திருக்கிறார்கள். அல்லது யாரையோ தொலைத்திருக்கிறார்கள்.

தாணுவைப் பொறுத்தவரை தகுதி பற்றிய சந்தேகமே எழாது. என்னிடம் எதையும் மறைக்கிற பிள்ளை இல்லை அவன். பேச்சு குறைவு, அவ்வளவுதான். வேலையை விட்ட செய்தியை மாடி வீட்டு லோகாம்பாள் எனக்கு முதலில் சொன்னாள், அவன் மாலையில் சொல்வதாக இருந்திருப்பான். கல்லூரி முதல் வருடம் கணக்கில் தவறியபோது மதிப்பெண் பட்டியல் அவன் மெத்தைக்கு அடியில் கிடைத்தது. பத்திரமான இடம்தான், பகவதியிடம்கூடச் சொல்லிச் சிரித்திருக்கிறேன். பகவதியைப் பெண் பார்த்துவிட்டு வந்து, பிடித்திருக்கிறதா என்று கேட்டேன். "ம்" என்றான். 'ம்' என்பது நம் மொழியில் ஒரு முழு வாக்கியம்.

ஜூலை 2, செவ்வாய்

148/92. சாம்பாரில் உப்பு அதிகம். பகவதி போட்டாளாம். நானும் போட்டேன் என்பது சாப்பிடும்போது தெரிந்தது.

ஜூலை 9, செவ்வாய்

இளம்பரிதிக்கு உதாரணம் பிடிக்கவில்லை.

"குடமெல்லாம் இப்ப யார் வீட்ல மேடம் இருக்கு? இந்தக் காலத்துப் பிள்ளைங்களுக்குப் புரியற மாதிரி, ஒரு செல்போனப் போடுங்களேன். மேசைமேல செல்போன் இல்லை. எப்படி?"

செல்போன் சரிப்படாது என்று விளக்கினேன். காணவில்லை என்றால் இன்னொரு போனில் இருந்து கூப்பிட்டுப் பார்க்கலாம், எங்கிருந்தாவது மணியடித்துவிடும். கூப்பிட்டால் குரல் கொடுக்காத பொருள்தான் இந்த அளவைக்கு உகந்தது.

தாணுவின் எண்ணை எப்போதாவது கூப்பிட்டுப் பார்ப்பதுண்டு. முதலில் சில வருடங்கள், அந்த எண் உபயோகத்தில் இல்லை என்று ஒரு பெண் மூன்று மொழிகளில் சொல்லிக்கொண்டிருந்தாள். பிறகு அந்த எண்ணை ராஜபாளையத்தில் ஓர் உரக்கடைக்காரருக்குக் கொடுத்துவிட்டார்கள். முதல் தடவை கோபப்பட்டார். இப்போதெல்லாம் எடுத்ததும், "இன்னும் வரலியாம்மா?" என்று அவரே கேட்டுவிடுகிறார். மழை நிலவரம் சொல்வார். நல்ல மனிதர்.

இளம்பரிதியிடம் குடமே இருக்கட்டும் என்று சொன்னேன். யோசித்துச் சொல்வதாகச் சொன்னார்.

ஜூலை 22, திங்கள்

குடும்ப நல நீதிமன்றம். வராந்தாவில் நிற்க இடமில்லை. ஒருவரை ஒருவர் பார்க்கப் பிடிக்காமல் வழக்குப் போட்டவர்களை ஒரே பெஞ்சில் உட்கார வைத்திருக்கிறார்கள்.

உள்ளே போகும் முன் மைதீன் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "மேடம், கேள்வி எவ்வளவு நீளமா இருந்தாலும் பதில் 'ஆமா' தான். விளக்கம் வேண்டாம்" என்றார். சரி என்றேன்.

கூண்டில் ஏறினேன். பெயர் சிதம்பரவடிவு. ஆமாம், தாணுமூர்த்தி என் மகன். ஆமாம், ஏழு வருடமாக எந்தத் தகவலும் இல்லை.

"அவர் உயிரோட இருந்திருந்தா, பெத்த தாயான உங்களுக்குத் தகவல் சொல்லியிருப்பார், இல்லையா?"

"அதைச் சொல்ல முடியாது" என்றேன்.

மைதீன் தன் கோப்பைப் பார்த்தார், கேள்வியைத் தவறாகப் படித்துவிட்டாரோ என்பதுபோல. நீதிபதி அம்மாள் கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார்.

"ஏன் சொல்ல முடியாது?"

"அவன் சொல்லவில்லை என்பது எனக்குத் தெரியும். இருந்தால் சொல்லியிருப்பான் என்பது வேறு கூற்று. முதல் கூற்றில் இருந்து அதைப் பெற முடியாது. அதைத் தனியாக நிறுவ வேண்டும்."

"அப்போ உயிரோட இருக்கார்னு சொல்றீங்களா?"

"அதையும் சொல்லவில்லை."

தட்டச்சர் கையைத் தூக்கிக்கொண்டு, "அம்மா, நான் இப்ப என்னன்னு அடிக்க?" என்று நீதிபதியைக் கேட்டார். பின்னால் யாரோ சிரித்தார்கள். நீதிபதி வழக்கை ஆகஸ்ட் 20க்குத் தள்ளி வைத்தார். அன்று என்னை மறுபடி விசாரிக்கலாம், வேறு சாட்சி இருந்தாலும் கொண்டுவரலாம்.

வெளியே வந்ததும் மைதீன், "நான் ஒங்ககிட்டக் கேட்டது ஒரே ஒரு ஆமா மேடம். கடைல கேட்டாக்கூடக் குடுத்திருப்பான்" என்றார்.

பகவதி கொஞ்ச தூரம் நடந்த பிறகு, "வெயிலா இருக்கே அத்தே, சர்பத் குடிக்கீயளா?" என்று கேட்டாள். குடித்தேன். அவள் குடிக்கவில்லை.

ஜூலை 23, செவ்வாய்

158/96. சரியாகத்தான் சொன்னேன்.

ஜூலை 28, ஞாயிறு

சுடலைமுத்து வந்து போனார். எவ்வளவு நாளானாலும் காத்திருப்பதாகச் சொன்னார். அவருடைய அத்தைக்காரிதான், புருஷன் இருக்கிறானா இல்லையா என்று தாய்க்கே தெரியாத வீட்டில் என்ன சம்பந்தம் என்று கேட்கிறாளாம். தருக்க ரீதியாக நியாயமான கேள்வி.

அவர் போன பிறகு பகவதி வெண்டைக்காய் நறுக்க உட்கார்ந்தாள். நானும் ஒரு கத்தியை எடுத்துக்கொண்டேன்.

"நான் ஒங்களக் கொற சொல்லல அத்தே."

"சொல்லுட்டி. சொன்னா எனக்குச் சௌரியமா இருக்கும்."

அவள் ஒரு காயை ஒடித்துப் பார்த்து முற்றல் என்று ஒதுக்கினாள். "ஒரு வருசந்தான் கூட இருந்தாவ. என்ன சமைக்கட்டும்னு கேட்டா, எதுன்னாலும் சரிம்பாவ. சினிமாவுக்குப் போவமான்னா, ஒன் இஷ்டம்பாவ. கோவிச்சதே கெடையாது. நான் என்ன செஞ்சேன், எதுக்குப் போனாவன்னு ஏழு வருசமா யோசிச்சுக்கிட்டே இருக்கேன். ஒரு காரணமும் கெடைக்க மாட்டேங்கு. அவிய இருக்காவளா இல்லையாங்கது எனக்கு வேண்டாம் அத்தே. இந்த யோசனையில இருந்து எறங்கிக்கிடணும். அவ்வளவுதான்."

வெண்டைக்காயில் பசை அதிகம். கையைக் கழுவப் போய்க் குழாயடியில் கொஞ்ச நேரம் நின்றேன். அவளும் ஏழு வருடமாகத் தரையையே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள். ஒரே வீட்டில், ஒரே தரையை.

ஆகஸ்ட் 4, ஞாயிறு. ஆடி அமாவாசை

காலையில் ஆவுடையப்பனோடு குறுக்குத்துறைக்குப் போனேன். ஆற்றில் இடுப்பளவு தண்ணீர், தண்ணீரை விட அதிகமாக மனிதர்கள். அவர் வருடந்தோறும் தகப்பனாருக்கும் பாட்டனாருக்கும் எள்ளும் தண்ணீரும் விடுவார். நான் படியில் நின்று சட்டையைப் பிடித்துக்கொள்வேன்.

சாஸ்திரிகள் வரிசையில் ஆட்களை உட்கார வைத்து மந்திரத்தை வேகமாக ஓட்டிக்கொண்டு வந்தார். இவர் முறை வந்தது. தகப்பன் பெயர், பாட்டன் பெயர், தாய் பெயர் எல்லாம் ஆயிற்று.

"வேற யாரும் உண்டுமா பிள்ளைவாள்?"

அவர் உள்ளங்கையில் எள் இருந்தது. படியில் நின்ற என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"என்ன ஓய், உண்டுமா இல்லையா?"

"கோர்ட்டுல இன்னும் சொல்லல சாமி" என்றார்.

"கோர்ட்டுக்கும் அமாவாசைக்கும் என்னவே சம்பந்தம்?" என்று சாஸ்திரிகள் அடுத்த ஆளிடம் போய்விட்டார்.

இவர் கையை மூடிக்கொண்டு எழுந்து வந்தார். எள்ளை என்ன செய்தார் என்று நான் பார்க்கவில்லை. மகன் தகப்பனுக்கு இறைக்க வேண்டிய தண்ணீரைத் தகப்பன் மகனுக்கு இறைக்கலாமா என்பதற்கு நூல்களில் விதி இருக்கும். தேடவில்லை.

பேருந்தில், "காப்பி குடிச்சிருக்கலாம்" என்று மட்டும் சொன்னார்.

ஆகஸ்ட் 12, திங்கள்

குறிப்பைச் செப்பனிட்டேன். ஒரு பத்தியை எழுதி அடித்துவிட்டேன். அடித்ததை இங்கே எழுதி வைக்கிறேன், காகிதம் வீணாக வேண்டாம்.

'இருந்தால் சொல்லியிருப்பான்' என்பதை ஏற்றுக்கொண்டால், எனக்கு ஒரு மகன் இருந்தான், இறந்துவிட்டான். 'இருந்தாலும் சொல்லியிருக்க மாட்டான்' என்பதை ஏற்றுக்கொண்டால், எங்கோ ஒருவன் உயிரோடு இருக்கிறான், அவனுக்குத் தாய் இல்லை.

மூன்றாவது வழி, எதையும் ஏற்காமல் இருப்பது. நான் ஏழு வருடமாக இருந்துகொண்டிருப்பது அதில்தான். இரண்டு பேர் இருக்கலாம் என்றுதான் நினைத்திருந்தேன், நானும் அவரும். மூன்றாவதாக ஒருத்தியையும் உள்ளே வைத்துக் கதவைச் சாத்தியிருப்பது இப்போதுதான் தெரிகிறது.

துணைத்தொகுதிக்கு இது தேவையில்லை.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

மறுபடியும் கூண்டு. மைதீன் இந்தத் தடவை எனக்கு எந்த அறிவுரையும் சொல்லவில்லை. கடவுளிடம் விட்டுவிட்டவர்போல இருந்தார். அதே கேள்வியைக் கேட்டார்.

"சொல்லியிருப்பான்" என்றேன். "உயிரோடு இருந்தால் என்னிடம் சொல்லியிருப்பான்."

நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார். "போன தடவ சொல்ல முடியாதுன்னீங்களே அம்மா. தனியா நிறுவணும்னீங்க. இப்ப எத வச்சு சொல்றீங்க?"

"அவனுடைய வழக்கத்தை வைத்து."

"ஒரு உதாரணம் சொல்லுங்க."

சரியான கேள்வி. நம் தருக்கத்தில் உதாரணம் இல்லாமல் முடிவு நிற்காது. மலையில் புகை தெரிகிறது, ஆகவே நெருப்பு உண்டு என்று சொன்னால் மட்டும் போதாது, புகையும் நெருப்பும் சேர்ந்திருக்கும் ஓர் அடுக்களையைக் காட்டியாக வேண்டும். வருடக்கணக்காக அதைப் பாடம் நடத்தியவள் நான். பெஞ்சில் பகவதி கைக்குட்டையை மடித்து மடித்துப் பிரித்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் ஆவுடையப்பன்.

அடுக்களையைக் காட்டினேன்.

"காலேஜ் மொத வருசம் கணக்குல பெயிலாயிட்டான். அன்னைக்கு நல்ல மழ. பஸ்ஸ விட்டு எறங்கி, தலகூடத் தொடைக்காம நேரா அடுக்களைக்கு வந்தான். நான் தோசைக்கு அரைச்சுக்கிட்டு இருந்தேன். கிரைண்டர் சத்தத்துல எனக்குக் கேக்காதுன்னு அவனே சுவிட்ச அமத்துனான். 'எம்மா, பெயிலாயிட்டேன், அப்பாட்ட நீயே சொல்லிரு'ன்னான். ஒரு விரல்ல மாவ எடுத்து அவன் மூக்குல தடவி விட்டேன். சிரிச்சுட்டான். சிரிக்கும்போதே கண்ணுல தண்ணி வந்துட்டு. பொறவு நின்ன வாக்குலயே எல்லாத்தயும் சொன்னான், எந்தக் கணக்கு, எந்த வாத்தியாரு, எல்லாம். அன்னையில இருந்து எதுன்னாலும் மொதல்ல எங்கிட்டதான் வருவான். நல்லதுன்னாலும் கெட்டதுன்னாலும். அப்படிப்பட்ட பிள்ள ஏழு வருசம் பேசாம இருக்குன்னா…"

வாக்கியத்தை முடிக்க வேண்டியிருக்கவில்லை. நீதிபதி அம்மாள் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். தட்டச்சர் இந்தத் தடவை எதையும் கேட்காமல் அடித்துக்கொண்டிருந்தார். மாவு, மூக்கு எல்லாம் அரசாங்கக் காகிதத்தில் ஏறியது.

திரும்பி வரும்போது ஆவுடையப்பன் ஆட்டோவில் முன்னால் ஓட்டுநர் பக்கத்தில் ஒண்டிக்கொண்டார். பின்னால் நானும் பகவதியும். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அத்தே. அந்த மார்க் ஷீட்டு மெத்தைக்குக் கீழ…"

"தூசியா வருது. மூக்க மூடிக்கோ" என்றேன்.

அவள் முந்தானையால் முகம் முழுவதையும் மூடிக்கொண்டாள். வீடு வரும்வரை எடுக்கவில்லை.

செப்டம்பர் 6, வெள்ளி

தீர்ப்பின் நகல் வந்தது. தாணுமூர்த்தி இறந்துவிட்டதாகக் கொள்ளத் தாயாரின் சாட்சியம் போதுமானதாகவும் இயல்பானதாகவும் இருப்பதாக எழுதியிருக்கிறார்கள். என் வாழ்நாளில் நான் முன்வைத்த வாதங்களில் யாரும் மறுக்காமல் ஏற்றுக்கொண்டது இது ஒன்றுதான்.

களஞ்சியக் குறிப்பும் இன்று அச்சுக்குப் போனது. இளம்பரிதி அழைத்து, "அந்தக் குடம் கடைசிவரைக்கும் குடமாவே இருந்துடுச்சே மேடம்" என்றார்.

ரத்த அழுத்தம் 130/80. மருத்துவர் மகிழ்வார்.

செப்டம்பர் 15, ஞாயிறு

முருகன் கோயிலில் கல்யாணம். பகவதிக்குப் பெற்றோர் இல்லை. சூரத்தில் இருக்கும் அண்ணன், விதவைக் கல்யாணத்துக்கு வருவது தனக்குச் சரிப்படாது என்று சொல்லிவிட்டான். ஆகவே பெண்ணைத் தாரை வார்த்துக் கொடுக்க நானும் ஆவுடையப்பனும் நின்றோம். மகனின் மனைவியை மகளாகக் கட்டிக் கொடுப்பதற்கு என்ன முறை என்று ஐயர் கேட்கவில்லை, நாங்களும் சொல்லவில்லை. அவள் கையைப் பிடித்துச் சுடலைமுத்துவின் கையில் வைத்தவர் இவர். தண்ணீர் விடுகிறவள் நான். சிந்தாமல் விட்டேன்.

மாலையில் கோயம்புத்தூர் ரயில். ஏறுவதற்கு முன் எங்கள் இருவர் காலிலும் விழுந்தாள். "போய்ச் சேர்ந்ததும் போன் பண்ணுதேன் அத்தே. தெனமும் பண்ணுதேன்" என்றாள்.

"தெனமும் வேண்டாம்ட்டி. தோணும்போது பண்ணு" என்றேன்.

சேர்ந்ததும் பண்ணினாள்.

செப்டம்பர் 17, செவ்வாய்

பகவதியின் அறையைப் பெருக்கினேன். பெருக்குவதற்கு எதையும் விட்டுவைக்காமல் அவளே பெருக்கிவிட்டுப் போயிருக்கிறாள்.

பத்து மணிவாக்கில் இரண்டாவது காப்பி போட்டுக்கொண்டிருந்தேன். ஆவுடையப்பன் அடுக்களைக்குள் வந்தார். சாதாரணமாக அவர் வருகிற இடமில்லை. முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"அன்னைக்கு நான் எங்க இருந்தேன் வடிவு?"

"என்னைக்கு?"

"பெயிலானான்லா. மழையில வந்தான்னியே."

கோர்ட்டில் இருந்து வந்த நாள் முதல் இதைப் பற்றி அவர் ஒரு வார்த்தை பேசியதில்லை. பகவதி போகட்டும் என்று வைத்திருந்திருக்கிறார்.

"கயத்தாறுல. அந்த வருசம் முழுக்க ஒங்களுக்கு அங்கதான டூட்டி" என்றேன். இது உண்மை.

"ஆமா. கயத்தாறு." தலையை ஆட்டிக்கொண்டார். "எங்கிட்ட அவன் ஒண்ணுமே சொன்னதில்லளா. வேலய விட்டதக்கூட நீ சொல்லித்தான் தெரியும். நம்மகிட்ட என்ன கொற, ஏன் இந்தப் பய வாயத் தெறக்க மாட்டேங்கான்னு நெனச்சுக்கிட்டே இருப்பேன். ஒங்கிட்டயும் அப்படித்தான் இருந்திருப்பான்னு நெனச்சேன். அன்னைக்குக் கோர்ட்டுல வச்சுத்தான் தெரியுது." குரல் கொஞ்சம் இறங்கியது. "ஒங்கிட்டயாவது சொன்னானே. அது போதும்."

பால் பொங்கி வந்தது. அடுப்பை அணைத்தேன்.

"வேற என்னெல்லாம் சொல்லுவான்?" என்று கேட்டார்.

அவர் முகத்தைப் பார்த்தேன். கல்யாணமான புதிதில் சம்பளக் கவரை என் கையில் கொடுத்துவிட்டு நிற்பாரே, அதே முகம். காப்பியை ஆற்றி ஒரு டம்ளரை அவர் கையில் கொடுத்துவிட்டு எதிரே தரையில் உட்கார்ந்தேன்.

"நெறையச் சொல்லுவான்" என்றேன். "எதுல இருந்து சொல்ல?"

"மொதல்ல இருந்து சொல்லு" என்றார்.